யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு சொந்தமாக எழுதிப் படம் எடுப்பவர் எப்படிப் பிழைப்பது?

தம்பி, உங்கள் கேள்வியை இரண்டு தரம் வாசித்தேன். 27 வயது, யாழ்ப்பாண நகரத்தில் வங்கி வேலை, நண்பர்களோடு சேர்ந்து எடுத்த இரண்டு குறும்படங்கள், எழுதி முடித்த ஒரு முழுநீளத் திரைக்கதை. வேலையை விட்டுவிட்டு, எவரையும் சாராமல் எழுதி இயக்குபவராக வாழ முடியுமா, அதற்குச் சென்னைக்குப் போக வேண்டுமா என்று கேட்டிருக்கிறீர்கள். இயக்குநராவது எப்படி என்று நீங்கள் கேட்கவில்லை. இரண்டு படம் எடுத்தவருக்கு அது ஓரளவு பிடிபட்டிருக்கும். இது சோறு போடுமா, போடாவிட்டால் வீட்டில் என்ன சொல்வது என்பதுதான் உங்களை அரிக்கும் கேள்வி என்று எடுத்துக்கொள்கிறேன். பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன்: வேலையை இப்போது விட வேண்டாம். ஏன் என்பதற்குத்தான் மிச்சம் எல்லாம்.

என் பேச்சை எவ்வளவு தூரம் நம்பலாம் என்பதையும் சொல்ல வேண்டும். 18 ஆண்டுகளாகக் கமராவும் படத்தொகுப்பும்தான் என் பிழைப்பு. கல்யாண வீடு, சாமத்திய வீடு, தொண்டு நிறுவனங்களுக்கான ஆவணப்படம், நகைக்கடை விளம்பரம் எல்லாம் செய்திருக்கிறேன். அந்தக் கூலியிலிருந்து ஆறு குறும்படங்களும் ஒரு முழுநீளப் படமும் எழுதி இயக்கினேன். முழுநீளப் படத்தில் போட்ட காசில் பாதிகூடத் திரும்பி வரவில்லை. தமிழகத் திரைத்துறையில் ஒருநாளும் வேலை செய்ததில்லை. அங்கே உதவி இயக்குநர்களாக இருந்துவிட்டு வந்த மூன்று நண்பர்கள் சொன்னதைத்தான் சென்னையைப் பற்றி என்னால் சொல்ல முடியும். ஆகவே அந்தப் பகுதியைக் கேள்வி ஞானமாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

எனக்கு ஐயமே இல்லாத விடயம் ஒன்று உண்டு: இங்கே எடுக்கப்படும் தமிழ்ப் படம், டிக்கெட் காசால் தன் செலவை ஈடுகட்டுவது மிக அரிது. வெலிங்டன், றீகல், ராணி, லிடோ, ஸ்ரீதர், வின்சர், மனோகரா, ராஜா என்று என் அப்பா தியேட்டர்களை வாய்ப்பாடு போல ஒப்புவிப்பார். அந்தப் பட்டியலில் முக்கால்வாசி இப்போது பெயராக மட்டும்தான் இருக்கிறது. இருக்கிற சில திரைகளிலும் தமிழகத்துப் பெரிய படம் சென்னையில் வெளியாகும் அதே நாளில் இங்கும் வந்துவிடுகிறது. அதற்கு நடுவே நம்முடைய படத்துக்குக் கிடைப்பது காலை 10 மணிக் காட்சி, அதுவும் இரண்டு மூன்று நாள். என் படத்துக்கு வந்தவர்களில் பெரும்பாலானோரை எனக்குப் பெயர் சொல்லிக் கூப்பிடத் தெரியும். ரொறன்ரோ, லண்டன், பாரிஸ் நகரங்களில் வார இறுதியில் ஒரு மண்டபமோ தியேட்டரோ எடுத்து ஒரே காட்சியாகப் போடுகிறார்கள். அதில் கொஞ்சம் காசு வரும், ஆனால் அதுவும் ஊர்ச் சங்கம், பழைய மாணவர் சங்கம், மாமன் மச்சான் வழியாக விற்கும் டிக்கெட்தான். யூடியூப்பில் நீளமான காணொளி வழியாக விளம்பர வருமானத்துக்குத் தகுதி பெற முதலில் 1,000 சந்தாதாரர்களும் ஓர் ஆண்டுக்குள் 4,000 மணிநேரப் பார்வையும் வேண்டும். அது கிடைத்தாலும், இரண்டு ஆண்டுக்கு ஒரு படம் போடுபவருக்கு அது தொழில் ஆகாது. வாரத்துக்கு மூன்று நகைச்சுவைத் துண்டுகள் போடுபவருக்கு ஆகும். அது வேறு வேலை. இளக்காரமாகச் சொல்லவில்லை, உண்மையிலேயே வேறு வேலை.

இந்தத் தொழிலில் படங்களைவிடப் படங்களுக்கு இடையில் கிடக்கும் ஆண்டுகள்தான் அதிகம். சிங்கள இயக்குநர் தர்மசேன பத்திராஜவை எடுத்துக்கொள்ளுங்கள். 1970களில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் படிப்பித்தபடி இங்கேயே 'பொன்மணி'யை எடுத்தவர். அதன் திரைக்கதை காவலூர் இராசதுரை. இன்று ஈழத்துத் தமிழ்ப் படங்களைப் பற்றிக் கதைப்பவர் எவரும் அதை விட்டுவிட்டுப் போக முடியாது, ஆனால் வெளிவந்த காலத்தில் அது ஓடவில்லை. 1981இல் வந்த அவருடைய சிங்களப் படத்துக்கும் அடுத்த முழுநீளப் படத்துக்கும் இடையில் ஏறத்தாழ 20 ஆண்டுகள். நாட்டின் முதன்மையான இயக்குநர்களில் ஒருவருக்கே இந்த நிலை. அந்த இடைவெளியைத் தாங்கியது விரிவுரையும் தொலைக்காட்சி நாடகமும். இன்னொரு இயக்குநர் பிரசன்ன விதானகே 1997இல் முடித்த ஒரு படத்தை 2000இல் அரசாங்கம் தடுத்தது. உச்ச நீதிமன்றம் வரை போய் 2001இல்தான் திரைக்குக் கொண்டுவர முடிந்தது. இத்தனை ஆண்டுகளும் அரிசி வாங்க வேண்டியிருக்கிறது அல்லவா? சத்யஜித் ராய் விளம்பர நிறுவனத்துச் சம்பளத்தை வைத்துக்கொண்டுதான் முதல் படத்தை 1952 முதல் 1955 வரை விட்டு விட்டு எடுத்தார். கிறிஸ்தோபர் நோலன் முதல் முழுநீளப் படத்தை வேலைக்குப் போகும் நண்பர்களை வைத்துக்கொண்டு, வார இறுதிகளில் மட்டும், ஏறத்தாழ ஓர் ஆண்டு எடுத்தார். 'வேலையை விட்டால்தான் கலை வரும்' என்று யாராவது உங்களுக்குச் சொல்லியிருந்தால், அவர் மாதக் கடைசியைக் காணாதவராக இருக்க வேண்டும்.

முதல் படத்தைப் பற்றி எனக்கு அவ்வளவு கவலை இல்லை. அதை நீங்கள் எப்படியும் எடுத்துவிடுவீர்கள். சித்தப்பாவின் வான் வரும், அம்மா பதினைந்து பேருக்குச் சமைப்பார், கனடாவில் இருக்கும் மாமா 'பெடியன் ஏதோ செய்கிறான்' என்று காசு அனுப்புவார், பக்கத்து வீட்டு அன்ரி தன் விறாந்தையை நான்கு நாளுக்கு விட்டுத் தருவார். செலவுக் கணக்கில் இவை எதுவும் ஏறாது. ஆனால் சீட்டில் முதல் மாதமே எடுத்தவனின் நிலைதான் உங்களுக்கும்: எடுத்தது கைக்கு வந்துவிட்டது, இனிக் கட்டிக்கொண்டே இருக்க வேண்டும். இரண்டாவது படத்துக்கு அதே வாசலில் போய் நிற்கும்போதுதான் அது தெரியும். வானுக்கு வாடகை கேட்பார்கள், அன்ரியின் மகளுக்குக் கல்யாணம் பேசி வீட்டுக்கு வெள்ளை அடித்திருப்பார்கள், மாமா தொலைபேசியை எடுக்க மாட்டார். இங்கே நல்ல முதல் படம் எடுத்துவிட்டு அதோடு நின்றுபோன ஆறேழு பேரை எனக்குத் தெரியும். அவர்களில் எவருக்கும் திறமைக் குறைவு இல்லை. முதல் படத்திலேயே எல்லாரிடமும் கேட்கக்கூடிய உதவியைக் கேட்டு முடித்துவிட்டார்கள். ஆகவே முதல் படத்திலேயே நடிகருக்கும் ஒலிப்பதிவாளருக்கும் சிறிய தொகையாவது கொடுங்கள். 2,000 ரூபாயாக இருந்தாலும் உறையில் போட்டுக் கொடுங்கள். அடுத்த தடவை அவர் உதவி செய்யும் நண்பராக வரமாட்டார், தொழிலாளியாக, நேரத்துக்கு வருவார்.

சோற்றுக்கான வேலை எதுவாக இருக்க வேண்டும் என்பதில் எனக்குக் கொஞ்சம் பிடிவாதம் உண்டு. கல்யாண வீடியோ நல்ல பள்ளிக்கூடம். தாலி ஒரு தரம்தான் கட்டுவார்கள். அந்தக் கணத்தில் ஐயர் குறுக்கே வருவார் என்று முன்கூட்டியே தெரிந்து இடம் மாறி நிற்கப் பழகுவீர்கள். ரியூப் லைற்றும் வண்ண விளக்கும் கலந்த மண்டபத்தில் முகத்தின் நிறத்தைக் காப்பாற்றவும் பழகுவீர்கள். ஆனால் அது கையில் சில நோய்களையும் ஒட்டிவிடும்: எல்லாவற்றுக்கும் மேலே பாட்டுப் போடுவது, காரணமில்லாமல் வேகத்தைக் குறைப்பது, ட்ரோன் இருக்கிறது என்பதற்காகப் பறக்கவிடுவது. என் முழுநீளப் படத்தை, கல்யாண வீட்டுப் பழக்கத்தில், நொடிக்கு 25 சட்டகம் என்றே வைத்து எடுத்துவிட்டேன். தியேட்டருக்கான கோப்பை 24 சட்டகத்தில் கேட்டார்கள். அப்படி மாற்றும்போது படம் நூற்றுக்கு நான்கு பங்கு நீளும், குரல்களும் அந்த அளவுக்குத் தடித்துவிடும். கதாநாயகிக்குத் தடிமன் பிடித்ததுபோல இருந்தது. அதைச் சரிசெய்ய ஒரு மாதம் போயிற்று. கமராவைத் திறந்ததும் முதலில் பார்க்க வேண்டிய எண் அது.

தொண்டு நிறுவன ஆவணப்படம் கேட்கக் கற்றுத்தரும். முன்பின் தெரியாத ஒருவர் முன்னால் ஒரு மணிநேரம் வாயை மூடிக்கொண்டு இருப்பது பெரிய வித்தை. கடைசி நிமிடத்தில் கோழிக்கூட்டுக்கு முன்னால் பயனாளி சிரித்தபடி நன்றி சொல்ல வேண்டும் என்பது எழுதப்படாத சட்டம், அதைத்தான் என்னால் சீரணிக்க முடியவில்லை. பத்து ஆண்டு இதையே செய்தால் உங்கள் கதைகளிலும் யாராவது கடைசியில் நன்றி சொல்லத் தொடங்குவார்கள். உங்களுக்கு வங்கி வேலை இருக்கிறது. அது உங்கள் கையைக் கெடுக்காத வேலை என்பதைக் குறைத்து மதிப்பிடாதீர்கள். பின்னேரம் ஐந்து மணிக்குப் பிறகு உங்கள் தலை உங்களுடையது. என் தலை பல நாள் மணப்பெண்ணின் அண்ணனுடையது.

இனித் திரைக்கதை. இதில்தான் நான் அதிகம் சொல்ல விரும்புகிறேன், ஏனென்றால் காசில்லாதவர் கையில் இருக்கும் ஒரே மூலதனம் அதுதான். ஒரு பக்கம் ஒரு நிமிடம் என்ற கணக்கைப் படித்திருப்பீர்கள். அது ஆங்கிலத்தில், ஒரு குறிப்பிட்ட எழுத்துருவில், குறிப்பிட்ட ஓர இடைவெளியோடு தட்டும்போது ஓரளவு பொருந்தும் கணக்கு. தமிழில் சொற்கள் நீளம், எழுத்துருவின் அகலம் வேறு, பக்கம் எண்ணிக் காலம் கணிக்க முடியாது. கைக்கடிகாரத்தை வைத்துக்கொண்டு, நடப்பவற்றை எழுந்து நடந்து பார்த்து, பேச்சை வாய்விட்டு வாசித்து அளவெடுங்கள். என் 96 பக்கத் திரைக்கதை, படத்தொகுப்பின் முதல் கோர்வையில் 140 நிமிடமாக வந்து நின்றது.

ஒரு காட்சியைப் பற்றி மட்டும் விரிவாகச் சொல்கிறேன். அண்ணனும் தங்கையும் காணி உறுதிக்காக, அதாவது நிலப் பத்திரத்துக்காக, சண்டை பிடிக்கும் காட்சி. மூன்று பக்கம் பேச்சு எழுதியிருந்தேன், எழுதியபோது பெருமையாகவும் இருந்தது. தகப்பனாக நடிக்க வந்தவர் கொக்குவிலைச் சேர்ந்த பழைய நாடகக்காரர், எழுபதைத் தாண்டியவர். ஒத்திகையில் அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: "தம்பி, உறுதி எங்கே இருக்கிறது? அலுமாரியிலா, பையிலா?" எனக்கு விளங்கவில்லை. 1995இல் போரால் வலிகாமத்தை விட்டு ஓர் இரவில் வெளிக்கிட்ட ஆட்கள் உறுதியை அலுமாரியில் வைக்க மாட்டார்கள் என்றார். உறுதி, பிறப்புச் சான்றிதழ், அடையாள அட்டைப் பிரதி, தங்கம் இருந்தால் அது, எல்லாம் ஒரே பையில், கதவடியில், கையெட்டும் ஆணியில் தொங்கும். அவர் வீட்டில் அன்றுவரை அப்படித்தான் தொங்கிக்கொண்டிருந்தது. பையை ஆணியில் மாட்டியதும் என் மூன்று பக்கப் பேச்சுக்கு வேலை இல்லாமல் போய்விட்டது. மகன் பேசிக்கொண்டே பையைக் கழற்றி மேசையில் வைக்கிறான். தகப்பன் ஒன்றும் சொல்லாமல் எழுந்து அதைத் திரும்ப ஆணியில் மாட்டுகிறார். மகள் அதைப் பார்க்கிறாள். அவ்வளவுதான், 50 விநாடி. படத்தைப் பார்த்தவர்கள் இன்றும் என்னிடம் கதைப்பது அந்தக் காட்சியைப் பற்றித்தான், அதை எழுதியது நானில்லை. உங்கள் திரைக்கதையை எடுத்து, ஒவ்வொரு காட்சியிலும் பொருட்கள் எங்கே இருக்கின்றன என்று மட்டும் ஒரு தரம் கேட்டுப் பாருங்கள்.

மொழியைப் பற்றியும் ஒரு வார்த்தை. நம் நடிகர்கள் வீட்டில் 'கதைப்பார்கள்', கமராவின் முன் நின்றதும் 'பேசுவார்கள்'. நாற்பது ஆண்டு தமிழகப் படம் பார்த்த பழக்கம் அது, அவர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. நான் நடிகர்களுக்கு வசனத்தைத் தாளில் கொடுப்பதை நிறுத்திவிட்டேன். என்ன நடக்கிறது என்று சொல்லி, அவர்கள் வாயில் வருவதைப் பதிவுசெய்து, அதிலிருந்து வசனத்தைத் திருப்பி எழுதுகிறேன். வடமராட்சிக்காரருக்கும் தீவகத்தாருக்கும் இழுவை வேறு என்பதையெல்லாம் அப்போது செலவில்லாமல் பெறலாம்.

ஒலியைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் பாவம் சேரும். கமராவை வாடகைக்கு எடுக்க அலைகிறோம், ஒலிவாங்கியைக் கடைசியில் யாரிடமாவது இரவல் கேட்கிறோம். ஒரு குறும்படத்தில் வயதான அம்மா ஒருவர் தன் கடைசி வசனத்தை, யாரும் எதிர்பாராத தாழ்ந்த குரலில், அழாமல் சொன்னார். எல்லோரும் மூச்சை அடக்கிக்கொண்டு நின்றோம். சரியாக அந்த நேரத்தில் பாண் விற்கும் ஓட்டோ தன் வழக்கமான பீத்தோவன் பாட்டைப் போட்டுக்கொண்டு ஒழுங்கையால் போனது. பிறகு ஒலிப்பதிவு அறையில் வைத்து எத்தனை தரம் சொல்லச் சொல்லியும் அந்தக் குரல் வரவில்லை. கண்ணாடி அறைக்குள் அவர் வேறு ஆளாகிவிட்டார். இப்போது இடம் பார்க்கப் போனால் படம் பிடிப்பதற்கு முன் அரை மணிநேரம் சும்மா இருந்து காது கொடுக்கிறேன்: கோயில் ஒலிபெருக்கி எத்தனை மணிக்கு, தண்ணீர் மோட்டார் எந்த வீட்டில், பாண் ஓட்டோ எந்த ஒழுங்கையால் வரும். நல்லூர்த் திருவிழா நடக்கும் 25 நாளும் நகரத்தை அண்டிப் பேச்சுக் காட்சி வைக்காதீர்கள்.

சட்டத்தில் நிச்சயமானது சிறிதளவே, ஆனால் அது முக்கியம். 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டத்தின்படி நீங்கள் எழுதிய திரைக்கதையின் பதிப்புரிமை எழுதிய உடனேயே உங்களுடையது. பதிவு செய்யத் தேவையில்லை. ஆனால் வெறும் எண்ணத்துக்குப் பாதுகாப்பு இல்லை. 'ஒரு பையும் ஓர் உறுதியும்' என்று தேநீர்க்கடையில் சொன்ன கதையை இன்னொருவர் எடுத்தால் ஒன்றும் செய்ய முடியாது. எழுதியதைத் திகதியோடு மின்னஞ்சலில் அனுப்பி வையுங்கள். வெளிநாட்டு உறவினரிடம் காசு வாங்கினால் அது கடனா, அன்பளிப்பா, பங்கா என்று ஒரு தாளில் எழுதிக் கையெழுத்து வாங்குங்கள். கேட்கக் கூச்சமாக இருக்கும். என் குடும்பத்தில் ஒருவர் ஐந்து ஆண்டாக என்னோடு முகம் கொடுத்துக் கதைப்பதில்லை. அன்று ஒரு தாள் எழுதியிருந்தால் கதைத்திருப்பார்.

விழாக்களும் நிதியும் என்று கேட்டிருந்தீர்கள். 2015இல் தொடங்கிய யாழ்ப்பாண சர்வதேச திரைப்பட விழாவில் கிடைக்கும் பெரிய நன்மை, உங்கள் படம் தேர்வாவதைவிட, பிறர் படம் பார்ப்பதும் அதை எடுத்தவரை நேரில் மடக்கிக் கேள்வி கேட்பதும்தான். வெளிநாட்டில் ரொட்டர்டாம் விழாவின் ஹூபர்ட் பால்ஸ் நிதி, பெர்லின் விழாவின் உலக சினிமா நிதி, பூசான் விழாவின் ஆசிய சினிமா நிதி என்று, படத்தின் ஏதாவது ஒரு கட்டத்துக்கு உதவும் வழிகள் இருந்து வருகின்றன. விதிகள் ஆண்டுக்கு ஆண்டு மாறும், அவ்வப்போது பார்த்துக்கொள்ள வேண்டும். ஆங்கிலத்தில் திரைக்கதையும் தயாரிப்பாளர் ஒருவரும் இல்லாமல் பெரும்பாலும் கதவு திறக்காது. எனவே நண்பர் வட்டத்தில் இன்னொரு இயக்குநரைத் தேடாதீர்கள், ஒரு தயாரிப்பாளரைத் தேடுங்கள். கணக்குத் தெரிந்த, கோபப்படாத ஒருவர். உங்கள் வங்கியிலேயே இருப்பார். யாழ்ப்பாணம் என்றதும் வெளியே இருப்பவர்கள் போரை எதிர்பார்க்கிறார்கள் என்பது என் சந்தேகம், நிறுவ முடியாது. போரை எழுதவே கூடாது என்றில்லை, நிதிக்காக எழுதிய போர் முதல் பக்கத்திலேயே தெரிந்துவிடும். அசோக ஹந்தகமவின் 'இனி அவன்' 2012இல் கான் திரைப்பட விழா வரை போனது. போருக்குப் பிந்திய யாழ்ப்பாணத்தில், ஊர் திரும்பிய ஒருவன் வேலை தேடி அலையும் கதைதான் அது.

சென்னையைப் பற்றிக் கேள்வி ஞானம்தான் என்று முன்னரே சொன்னேன். நிச்சயமாகத் தெரிந்தது இது: சுற்றுலா விசாவில் போய் அங்கே சட்டப்படி வேலை செய்ய முடியாது. மட்டக்களப்பில் பிறந்த பாலு மகேந்திரா போன வழி, பூனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு படித்துவிட்டு, ஒளிப்பதிவாளராகப் பெயர் எடுத்த பிறகே இயக்கத்துக்கு வந்தது. கையில் ஒரு தொழிலோடு போனார் என்பதைக் கவனியுங்கள். என் மூன்று நண்பர்களும் கையில் ஒரு கதையோடு போனார்கள். ஒருவர் நன்றாகக் கற்றுக்கொண்டு வந்தார், மற்ற இருவரும் அறை வாடகையைத்தான் கற்றுக்கொண்டார்கள். படிப்பதற்கென்றால் போங்கள். வாய்ப்புத் தேடிக் காத்திருப்பதற்கு இங்கேயே கச்சேரியடியில் மர நிழல் இருக்கிறது.

உங்கள் இடத்தில் நான் இருந்தால் செய்வது இது. பௌர்ணமி நாளான ஒவ்வொரு போயாவும் வங்கிக்கு விடுமுறை. மாதம் ஒரு போயா, அதை ஒட்டிச் சனியோ ஞாயிறோ வந்தால் இரண்டு மூன்று நாள் சேர்ந்து கிடைக்கும். முழுநீளக் கதையை இப்போதைக்கு மூடி வைத்துவிட்டு, அதிலிருந்து ஒரு வீடு, மூன்று ஆட்கள், பகல் வெளிச்சம் மட்டும் கொண்ட 20 நிமிடப் பகுதி ஒன்றைப் பிரித்து எழுதுவேன். அதை நான்கு போயாக்களில் எடுப்பேன். வெளி வேலையால் வரும் வருமானம் 12 மாதம் தொடர்ந்து சம்பளத்தின் பாதியைத் தொட்டு, அடுத்த திரைக்கதையும் மேசையில் இருந்தால், அப்போது வேலையை விடுவதைப் பற்றி அம்மாவிடம் கதை எடுப்பேன். பாதி என்ற கணக்கு என் அனுபவத்தில் வந்தது. வீட்டுக் கடன் இருந்தால் அது போதாது.

திரைக்கதையை வாசித்துச் சொல்ல முடியுமா என்று கடைசி வரியில் கேட்டிருந்தீர்கள். முழுவதையும் அனுப்ப வேண்டாம், நடுவிலிருந்து பத்துப் பக்கம் போதும். தொடக்கத்தை எல்லோரும் பத்துத் தரம் திருத்தியிருப்பார்கள். ஆவணி முகூர்த்தங்கள் முடியும்வரை என் பின்னேரங்கள் எனக்குச் சொந்தமில்லை. புரட்டாதி பிறந்ததும் வாசிக்கிறேன்.